விட்டுப் படித்த ஏழு பக்கங்கள்

அறுபதுகளின் தொடக்கத்தில், சேலத்தில் நான் பி.ஏ. சரித்திரம் படித்துக்கொண்டிருந்தபோது நடந்தது இது. பங்குனி மாதம். பரீட்சைக்குப் பத்தே நாள்.

இங்கிலாந்து சரித்திரம் எங்களுக்கு ஒரு பேப்பர். வெள்ளைக்காரன் ஊரைவிட்டுப் போய்விட்டான். அவனுடைய ராஜாக்களும் மந்திரிகளும் மட்டும் எங்களை விட்டபாடில்லை. அதற்கு உருப்படியான புத்தகம் ஒன்றுதான் இருந்தது. அந்த நாட்டுச் சரித்திர ஆசிரியர் ஒருவர், தன் காலத்து அரசியலையும் அரண்மனையையும் பற்றிப் பக்கத்து வீட்டு விவகாரம் போலச் சுவையாக எழுதியது. கல்லூரி நூலகத்தில் ஒரே பிரதி. அதை எடுத்து வந்து, தவணை முடிந்தும் திருப்பாமல் வைத்திருந்த புண்ணியவதி நான்.

காரணம், ராசிபுரத்துக்காரி. தினமும் பஸ்ஸில் வந்து படித்த என் வகுப்புத் தோழி. பட்டு நெசவு செய்கிற குடும்பம். ஒரு பேப்பரில் தவறினாலும் படிப்பை நிறுத்தி, மாமன் மகனுக்குக் கட்டிக்கொடுத்துவிடுவதாக அவள் அப்பா சொல்லியிருந்தார். அது எனக்குத் தெரியும். தெரிந்து என்ன? வகுப்பில் எப்போதும் அவள் முதல், நான் இரண்டாவது. அந்த வயிற்றெரிச்சல்தான் எனக்குப் பெரிதாக இருந்தது.

அந்த நேரம் பார்த்து என் தம்பிக்கு அம்மை போட்டது. நானும் கல்லூரிக்குப் போகவில்லை. விஷயம் தெரியாமல் புத்தகம் கேட்டு வந்தவள், வாசலில் செருகியிருந்த வேப்பிலையைப் பார்த்ததும் தெருவிலேயே நின்றுவிட்டாள்.

"கோவிச்சுக்காத சாமி. ஆத்தா வந்திருக்கறா. மூணாந் தண்ணி ஊத்தற வரைக்கும் ஊட்டுல இருந்து ஒரு துரும்புகூட வெளிய போகக்கூடாது" என்றார் என் அம்மா.

எனக்கு உள்ளுக்குள் சந்தோஷம். பழி மாரியம்மன் மேல் போய்விட்டதல்லவா?

அவள் கொஞ்சம் யோசித்தாள். "பொஸ்தகம் வெளிய வர வேண்டாங்கம்மா. அவ அங்கயே நின்னு படிக்கட்டும், நான் இங்க உக்காந்து எழுதிக்கறேன்" என்றாள்.

எதிரே பூட்டிக் கிடந்த தறி நூல் கடைப் படியில் உட்கார்ந்து நோட்டை விரித்தாள். நான் நிலைப்படிக்கு உள்ளே நின்று உரக்கப் படித்தேன். காதலித்தவளுக்காக மணிமுடியை உதறிய ராஜாவின் கதை, எங்கள் தெருவில் இங்கிலீஷில் முழங்கியது. மாட்டு வண்டியை நிறுத்திக் கேட்ட ஒருவர், "ஏனுங்க, இந்தப் புள்ள யார இப்படி இங்கிலீசுல வையுது?" என்றார். எங்கள் இருவருக்கும் சிரிப்பு அடங்கவே இல்லை.

இப்படி நான்கு சாயங்காலம். நான்காம் நாள், அதற்கும் முந்திய காலத்துக்குப் புத்தகத்தைப் புரட்டியபோது, பிரபுக்கள் சபையின் அதிகாரம் பறிபோன பகுதி வந்தது. மந்திரிகள் ஒரு பக்கமும் பிரபுக்கள் ஒரு பக்கமும் இழுக்க, ராஜா நடுவில் மாட்டிக்கொண்டு விழிக்கிற கட்டம். கேள்வி இதிலிருந்துதான் வரும் என்று எனக்குப் பட்டது. ஏழு பக்கங்களைச் சேர்த்துத் தள்ளிவிட்டு அடுத்த அத்தியாயத்தைப் படித்தேன். குரல்கூடத் தடுமாறவில்லை.

முடிந்ததும் அவள் இரண்டு தாள்களைப் படியில் வைத்து, மேலே ஒரு கல்லை வைத்தாள். "நீ வராத நாள்ல மிஸ் சொன்ன முக்கியமான கேள்வியெல்லாம் எழுதியிருக்கறேன். எடுத்துக்க. பஸ்ஸுக்கு நேரமாச்சு, வாரேன்" என்று கிளம்பினாள்.

போய் எடுத்துப் பார்த்தேன். முதல் கேள்வியே பிரபுக்கள் சபை. பக்கத்தில், 'இது கட்டாயம் வருமாம். உன் புத்தகத்தில் இருந்தால் நன்றாகப் படித்துக்கொள்' என்று குறித்திருந்தாள்.

எனக்கு உடம்பெல்லாம் கூசிப்போயிற்று. அவள் தெருமுனைக்குப் போய்விட்டாள். "போகாதடி! ஏழு பக்கம் விட்டுட்டேன்! வேணும்னேதான் விட்டேன்!" என்று கத்தினேன். தெருவே திரும்பிப் பார்த்தது. வாசலில் நின்ற அம்மாவும்தான்.

அவள் திரும்பி வந்தாள். என்னை ஒரு பார்வை பார்த்தாள். அந்த பஸ் போய்விடும், வீட்டில் அப்பாவிடம் திட்டு விழும் என்பது இருவருக்கும் தெரியும். மறுபடி படியில் உட்கார்ந்து நோட்டைத் திறந்து, "செரி, படி" என்றாள். நான் அழுதுகொண்டே படித்தேன்.

இருவரும் தேறினோம், வழக்கம் போல அவள்தான் முதல். ஏன் அப்படிச் செய்தாய் என்று அவள் அன்றும் கேட்கவில்லை, பிறகும் கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஏதோ ஒரு சமாதானம் சொல்லிவிட்டு மறந்திருப்பேன். கேட்காததால்தான், யார் உதவி என்று வந்து நின்றாலும், எதையும் ஒளிக்காமல் கொடுக்கிறேனா என்று இன்றுவரை என்னை நானே கேட்டுக்கொள்கிறேன்.