கிளப்பில் வைத்த குதிரை

இதைத் தெரிந்துகொண்டு நீ என்ன செய்யப் போகிறாய்? சாப்பிட்டாயா என்று கேட்டால் வாய் திறக்காதவள், உன் தாத்தா உலகம் சுற்றிய சதுரங்க ஆட்டக்காரரைத் தோற்கடித்தாராம் என்று யாரோ சொன்னதும் என்னிடம் ஓடி வந்துவிட்டாய். சரி, உட்கார். அந்த நாளை நினைத்தால் எனக்கு முதலில் கண்ணில் வருவது ஒரு பச்சை மேசைத் துணி. நான் துவைத்து, கஞ்சி போட்டு, பெட்டி போட்டு விரித்த துணி. அதில் ஒரு கையின் ஐந்து விரலும் மஞ்சளாகப் பதிந்திருந்தன.

மெர்டேக்கா, அதுதான் சுதந்திரம், கிடைத்துப் புதுக்கொடி ஏறிய சமயம் அது. பண்டார் ஹிலிரில் ஒரு கிளப்பில் உன் தாத்தா ஜாகா, வாசல் காவல். நான் அங்கேயே துணி துவைத்து, கோப்பை கழுவினேன். குடியிருந்தது கஜா பேராங்கில், ஓர் அறையில். வேலை முடிந்து வந்தால் இரண்டு பேரும் சதுரங்கம் ஆடுவோம். அதை அவருக்குக் கற்றுக்கொடுத்தவள் நான். எனக்குக் கற்றுக்கொடுத்தவர் என் அப்பா. மழை பெய்தால் ரப்பர் தோட்டத்தில் பால் வெட்டு கிடையாது. அன்றைக்கெல்லாம் என்னை உட்கார வைத்து ஆடுவார். எங்கள் ஆட்டத்தில் சிப்பாய் எதிர்க்கோடி போய்ச் சேர்ந்தால், அது எந்தக் காயின் வீடோ அந்தக் காயாகத்தான் மாறும். மூலையில் சேர்ந்தால் கோட்டை. அதற்குப் பக்கத்தில் என்றால் குதிரை. நமக்குப் பிடித்ததை எடுத்து வைக்க முடியாது.

அந்த வெள்ளைக்காரர் வந்த அன்று கிளப்பின் பெரிய கிராணி, தலைமைக் குமாஸ்தா, அரை மணி நேரம் பேசினார். பள்ளிக்கூட வயதிலேயே தன் நாட்டுக்குச் சாம்பியன், கண்ணைக் கட்டிக்கொண்டு இருபது பேரை வென்றவர், கப்பலிறங்கிய ஊரிலெல்லாம் ராஜா மரியாதை என்று அடுக்கினார். நான் ஏதோ பெரிய ரிஷியைப் பார்க்கப் போகிறோம் என்று நினைத்துக்கொண்டேன். வந்தவர் எண்ணெயில் பொரித்த கறிபாப் பலகாரத்தை இரண்டு இரண்டாக வாயில் போட்டுக்கொண்டு விரலை என் மேசைத் துணியில் துடைத்தார். சுருட்டுக் கட்டையைக் கோப்பிக்குள் போட்டு அணைத்தார். வெட்டிய சிப்பாய் ஒன்றை எடுத்துக் காது குடைந்து, குடைந்ததை முகர்ந்தும் பார்த்தார். இத்தனை தேசத்திலும் இவர் எச்சில் கோப்பையைக் கழுவிய பெண்களை நினைத்துக்கொண்டேன். அவர்களுக்கு யாராவது ஒரு பட்டம் கொடுத்திருக்கலாம்.

முப்பது பேர் வட்டமாக உட்கார்ந்து ஆட வேண்டும். அவர் சுற்றி நடந்துகொண்டே எல்லாரோடும் ஆடுவார். ஒருவர் காய்ச்சலென்று வரவில்லை. பெரிய கிராணி வாசலைப் பார்த்துக் கைதட்டினார்.

“ஜாகா, உனக்கு ஆடத் தெரியுமாமே. வந்து உக்காரு. சும்மா எடத்த நெரப்புனா போதும் லா.”

உன் தாத்தா தொப்பியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். நான் தட்டை ஏந்திக்கொண்டு பின்னாலேயே நின்றேன். நடுவில் வெள்ளைக்காரர் ராஜாவையும் கோட்டையையும் ஒரே கையில் தூக்கி இடம் மாற்றி வைத்தார். எங்கள் வீட்டில் அப்படி ஆடினால் கையிலேயே அடி விழும். உன் தாத்தா என்னைத் திரும்பிப் பார்த்தார். பெரிய மனுஷன் திருடினால் கண்டுகொள்ளாதீர்கள் என்று கண்ணைக் காட்டினேன்.

மேசைகள் ஒவ்வொன்றாகக் காலியாகி நாலைந்துதான் மிச்சம் இருந்தபோது, உன் தாத்தாவின் சிப்பாய் ஒன்று கடைசிக் கட்டத்தில் போய் நின்றது. குதிரை வீடு. பெரிய கிராணி காதோரம் குனிந்து, “ராணிய வைடா, எதக் கேட்டாலும் குடுப்பாங்க,” என்றார். உன் தாத்தாவுக்கு அது புரியவே இல்லை. குதிரை வீட்டில் குதிரையை வைத்தார். சுற்றி நின்றவர்கள் சிரித்தார்கள். வெள்ளைக்காரர் சிரிக்கவில்லை. அந்தக் குதிரை அவருடைய ராஜாவையும் ராணியையும் ஒரே தாவலில் பிடித்திருந்தது. ரொம்ப நேரம் பார்த்துவிட்டு, தோற்றேன் என்று தன் ராஜாவைப் படுக்க வைத்து, எண்ணெய்க் கையை நீட்டினார்.

ஒரே கைதட்டல். “இந்த மாதிரி யோசன உனக்கு எப்படிடா வந்திச்சி? யாரு கத்துக் குடுத்தா?” என்று பெரிய கிராணி கேட்டார். நான் தட்டோடு பின்னால் நிற்கிறேன். இப்போது உன் தாத்தா என் பக்கம் கை காட்டுவார் என்று முந்தானையைக்கூடச் சரிசெய்துகொண்டேன்.

“யாரும் கத்துக் குடுக்கல துவான். புத்தகத்துல பாத்து நானா கத்துக்கிட்டேன்.”

அந்த மேசைத் துணிமேல்கூட எனக்கு அவ்வளவு அருவருப்பு வரவில்லை. அவருக்கு எழுத்துக்கூட்டித் தன் பெயரை எழுதவே கால் நாள் ஆகும்.

வீட்டுக்கு வந்ததும், “நாளைக்கே போயி உள்ளதச் சொல்லிடுங்க,” என்றேன்.

“பொம்பள கத்துக் குடுத்தான்னு சொன்னா சிரிப்பானுங்க.”

“நான் இப்பவே சிரிக்கிறேனே, பரவால்லையா?”

அடுத்த வாரம் சுருட்டு வாங்கினார். கட்டையை என் கோப்பிக் கோப்பையில் போட்டார். கட்டை விழுந்த கோப்பையை நான் கழுவுவதில்லை என்று சொல்லிவிட்டேன். நாலு நாள் சிரட்டையில் குடித்தார். என்னோடு ஆடுவதும் நின்றுபோனது. சாம்பியனைத் தோற்கடித்தவர் சோறாக்குகிறவளோடு ஆடுவாரா?

பிறகு அவரைக் கோலாலம்பூருக்குப் போட்டிக்கு அனுப்பினார்கள். ஜெயித்தால் ஆபீசுக்குள்ளே உட்காருகிற வேலை தருவதாகப் பேச்சு. முதல் ஆட்டத்திலேயே அவருடைய சிப்பாய் கோடிக்குப் போய்விட்டதாம். ராணியை வைத்திருந்தால் அத்தோடு ஆட்டம் முடிந்திருக்கும். வேண்டியதைக் கேட்கலாம் என்பது அதற்குள் அவருக்குத் தெரியும். ஆனால் கூட்டம் கைதட்டுமே என்று மறுபடியும் குதிரையைக் கேட்டு வாங்கி வைத்தார். எதிராளி சின்னப் பையன். வாய்விட்டுச் சிரித்துக்கொண்டே குதிரையை வெட்டினானாம். பெரிய கிராணி ஊருக்கு வந்து எல்லாரிடமும் சொல்லிவிட்டார். இவர் மறுபடி வாசலுக்கே வந்து நின்றார்.

மறுநாள் காலையில் குழாயடியில் அக்கம்பக்கத்துப் பெண்கள் எனக்காகக் காத்திருந்தார்கள். எதிர்வீட்டுச் செட்டிக்காரம்மா பரம்பரையாகவே தமிழ் மறந்தவள், மலாயில் கேட்டாள். மற்றவர்கள் தமிழில் கேட்டார்கள். சாம்பியனையே கவிழ்த்தவர் ஒரு சின்னப் பையனிடம் எப்படித் தோற்றார் என்று. உன் தாத்தா கதவுக்குப் பின்னால் நிற்பது எனக்குத் தெரியும். வாளியைக் குழாயடியில் வைத்துவிட்டு, அவருக்கும் கேட்கிற மாதிரி சொன்னேன்:

“அன்னிக்கி கிளப்புல ஜெயிச்சது நான் கத்துக் குடுத்த ஆட்டம். கோலாலம்பூர்ல தோத்தது அவரு புத்தகத்துல பாத்துத் தானா கத்துக்கிட்டது.”