என் பெயருக்குப் போதும் என்று பொருள்

என் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. பொருளை மட்டும் சொல்கிறேன்: பெண் பிள்ளை இனிப் போதும். யாருக்குச் சொன்ன சேதி என்று கேட்டால், கடவுளுக்கு. ராஜபாளையத்தில் எங்கள் வீட்டில் எனக்கு முன்னால் மூன்று அக்காமார். மூவருக்கும் அழகழகான அம்மன் பெயர்கள். நான்காவதாக நான் வந்ததும் அப்பாவுக்கு அம்மன்கள் மீதிருந்த நம்பிக்கை போய்விட்டது. சுற்றி வளைக்காமல் விஷயத்தைச் சொல்லிவிடலாம் என்று முடிவெடுத்து, மனுவை என் மீதே எழுதி ஒட்டிவிட்டார்.

மனு ஏற்கப்பட்டது. இரண்டே வருடத்தில் தம்பி பிறந்தான். அதோடு என் பெயர் ராசியான பெயராகிவிட்டது.

எங்கள் சொந்தத்தில் ஒரு வழக்கம். வரிசையாகப் பெண்ணாகவே பிறந்த வீட்டில் கடைசிப் பெண்ணுக்கு இந்தப் பெயரை வைத்தால் மட்டும் ஆகாது. அதே பெயர் உள்ள ஒருத்தியை, அவளுக்குப் பின்னால் தம்பி பிறந்திருக்கிறானா என்று விசாரித்து, மரியாதையாகக் கூட்டிவர வேண்டும். வந்தவள்தான் குழந்தையின் நாக்கில் சீனித் தண்ணீரைத் தொட்டு வைத்து, காதில் மூன்று முறை பெயரைச் சொல்ல வேண்டும். ஏழு வயதிலேயே நான் இந்தத் துறையில் நிபுணி. செட்டியார்பட்டி, கூமாப்பட்டி என்று எங்கெங்கோ பஸ் ஏற்றிக் கூட்டிப்போனார்கள்.

போன இடத்தில் நாற்காலி போடுவார்கள். வெற்றிலை பாக்கோடு ரவிக்கைத் துணி தருவார்கள். "ராசிக்காரப் பிள்ளை வந்திருக்கு, செத்த தள்ளி ஒக்காருங்க" என்று பெரியவர்களையே நகர்த்துவார்கள். எங்கள் வீட்டில் எனக்காக யாரும் ஒரு அங்குலம் நகர்ந்ததில்லை. அதனால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: எனக்கு அது பிடித்திருந்தது.

பள்ளிக்கூடத்தில்தான் பிடிக்கவில்லை. ஒருநாள் வகுப்பில் எல்லோரையும் எழுந்து அவரவர் பெயருக்கு அர்த்தம் சொல்லச் சொன்னார் டீச்சர். வீட்டில் தெலுங்கு பேசும் பெண் ஒருத்தி எழுந்தாள். அவள் பெயருக்கு முன்னால் ஒரு ஊரே நிற்கும். ஆந்திராவில் எங்கேயோ இருக்கிற அந்த ஊரை அவள் தாத்தாவின் தாத்தாகூடப் பார்த்ததில்லையாம், ஆனாலும் விடாமல் தூக்கிக்கொண்டு திரிந்தார்கள். அடுத்து என் கூட்டாளி, பஜாரில் பலசரக்குக் கடை வைத்திருந்த பாயின் மகள். அரபுப் பெயர். 'விரும்பிக் கேட்டு வாங்கிய பிள்ளை' என்று அர்த்தம் சொன்னாள். என் முறை வந்தது. நான் வாயைத் திறக்கும் முன்பே வகுப்பு சிரித்தது. "போதும், உக்காரு" என்றார் டீச்சர். கேலி செய்யவில்லை, பாவம். வாயில் வந்துவிட்டது.

அன்று சாயங்காலம் கூட்டாளியோடு அவள் கடைக்குப் போனேன். கல்யாணமாகிப் பல வருடம் காத்திருந்து பெற்ற ஒரே பிள்ளை அவள். அதைப் பருப்பு வாங்க வருகிறவர்களுக்கெல்லாம் அவள் அத்தா சொல்லிவிடுவார், கேட்காவிட்டாலும். "எனக்கும் அப்படி ஒரு பேரு சொல்லுங்க மாமா" என்றேன். அவர் சிரிக்கவில்லை. பொட்டலத்தைக் கட்டி முடித்துவிட்டு, "அதே அர்த்தத்துல தமிழ்லயும் ஒரு பேரு இருக்கு தாயி. நீ வச்சுக்கோ" என்று ஒரு பெயரைச் சொன்னார். அந்தப் பெயரை யாரிடமும் சொல்லவில்லை. நோட்டுகளின் கடைசிப் பக்கங்களில் மட்டும் அதில் கையெழுத்துப் போட்டுப் பழகினேன்.

ஆசிரியர் பயிற்சி முடித்ததும் பெயர் மாற்றும் படிவத்தை வாங்கிவந்தேன். அதற்குள் தம்பி ராணுவத்தில் சேர்ந்திருந்தான், அவனை எல்லைக்கு அனுப்பியிருந்தார்கள். அம்மா படிவத்தைப் பார்த்துவிட்டு அடுப்படியிலிருந்து கரண்டியோடு வந்தாள்.

"ஏட்டி, அவன் அங்கன துப்பாக்கியும் கையுமா நிக்கான். நீ இங்கன பேர மாத்துதேன்னு நிக்க. ஒன் பேருலதான் அவன் உசுரே இருக்கு. அவன் வீடு வந்து சேரட்டும், பொறவு எந்தப் பேர வேணும்னாலும் வச்சுக்கோ."

இந்திய எல்லையின் பாதுகாப்பில் எனக்கும் பங்கு இருப்பது அன்றுதான் தெரிந்தது. ராணுவத் தளபதிக்குத் தெரியுமோ என்னவோ. படிவத்தை மடித்து டிரங்குப் பெட்டியில் வைத்தேன். அம்மா மீது வந்த கோபத்தைவிட என் மீது வந்த கோபம் பெரிது. ஏனென்றால், ஒருவேளை அப்படியும் இருந்துவிட்டால் என்று எனக்கும் பயமாக இருந்தது.

வேலை கிடைத்தது ஸ்ரீவில்லிபுத்தூரில், ஒரு தொடக்கப் பள்ளியில். நந்தவனத்தில் கிடைத்த பெண் குழந்தையைக் கொண்டாடி, வருடா வருடம் தேர் இழுக்கிற ஊர். வகுப்புக்கு நான்கு பேருக்கு அந்தத் தாயாரின் பெயர்தான். துளசிச் செடிக்கு அடியில் கிடைத்தால் தெய்வம், வீட்டில் பிறந்தால் போதும் என்பது அந்த ஊரிலும் மாறவில்லை.

ஒரு ஜூன் மாதம், முதல் வகுப்புச் சேர்க்கை. இடுப்பில் ஒரு பயலும் கையில் ஒரு சிறுமியுமாக ஒருத்தி வந்து நின்றாள். "டீச்சர், தெரியுதா? இவ அப்பா ராஜபாளையம் வந்து ஒங்களக் கூட்டிட்டு வந்தாவளே. இவ காதுல நீங்கதான பேரு சொன்னீய."

தெரிந்தது. பயிற்சியில் இருந்தபோது போனேன். பச்சை நிற ரவிக்கைத் துணி. மூன்றாவது பெண் குழந்தை. அப்போது எனக்குப் பத்தொன்பது வயது, விவரம் தெரியாத வயதென்று சொல்லித் தப்பிக்க முடியாது.

"பேரு என்ன?" என்று குனிந்து கேட்டேன். சிறுமி அம்மாவின் சேலைக்குள் முகத்தை மறைத்துக்கொண்டு அதைச் சொன்னாள். அந்த வயதில் நானும் அப்படித்தான் சொன்னேன். இத்தனை வருடமும் அப்பாவைத் திட்டிக்கொண்டிருந்தவள் நான். இந்தப் பிள்ளைக்குத் திட்டுவதற்கு ஆள் வேண்டுமென்றால், நான்தான்.

சேர்க்கைப் பதிவேடு என் முன்னால் திறந்திருந்தது. அதில் எழுதுகிற பெயர்தான் ஆயுளுக்கும். "வேற பேரு எழுதட்டுமா?" என்றேன்.

"எனக்கும் ஆசதான் டீச்சர்." அவள் இடுப்பில் இருந்தவனைப் பார்த்தாள். "இவனுக்கு ஏதும் ஆயிட்டுன்னா?"

பொய் சொன்னேன். "நானே மாத்திட்டேன்மா, மூணு வருசமாச்சு. என் தம்பி ராணுவத்துல குத்துக்கல்லாட்டம் இருக்கான்."

இந்த விஷயத்தில் என் பேச்சுக்கு மறுபேச்சு ஏது? நான்தானே நிபுணி. டீச்சர் வேலையில் ஒரு வசதி, யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை, பொய் மாட்டாது. ஆனால் அவள் விடவில்லை. "அப்ப ஒங்க பேரு இப்ப என்ன டீச்சர்?"

நோட்டுகளின் கடைசிப் பக்கத்தில் இருந்த பெயரைச் சொன்னேன். என் பெயர் என்று அதை வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை. அர்த்தம் கேட்டாள், அதையும் சொன்னேன். மகளின் தலையைத் தடவிக்கொடுத்தாள்.

"அதையே எழுதிருங்க டீச்சர். மொதப் பேரும் ஒங்க பேருதான். இதுவும் ஒங்க பேரா இருந்தா ராசி விட்டுப் போவாது."

உலகத்தில் உள்ள எந்தப் பெயரையும் எழுதத் தயாராக இருந்தேன், அது ஒன்றைத் தவிர. ஐந்து வயதுப் பிள்ளை மீது எனக்குப் பொறாமையாக இருந்தது. பிறகு எழுதினேன். எழுதிவிட்டு, குனிந்து அவள் காதில் மூன்று முறை சொன்னேன்.

தம்பி பின்னாளில் பென்ஷனும் தொப்பையுமாக ஊர் திரும்பினான். "இனி மாத்திக்கோட்டி" என்று அம்மாவும் பெரிய மனசு பண்ணினாள். ஒரே பெயர் இரண்டு பேருக்கு இருக்கக் கூடாது என்று எந்தச் சட்டமும் இல்லை. ஆனாலும் படிவம் இன்னும் டிரங்குப் பெட்டியில்தான் கிடக்கிறது.

அவளைச் சேர்த்த மறுநாள் காலை வருகைப் பதிவு எடுத்தேன். அந்தப் பெயர் வந்தது. வாசித்தேன். முன் வரிசையிலிருந்து, சேலைக்குள் ஒளிந்த அதே பிள்ளை எழுந்து நின்று, வகுப்பே திரும்பிப் பார்க்கும்படி "உள்ளேன் டீச்சர்" என்றாள். பதில் சொல்ல அதற்குள் என் வாயும் திறந்திருந்தது. மூடிக்கொண்டு, அடுத்த பெயரை வாசித்தேன்.