மூன்று பேர் செய்த கரார்

நோய் முற்றிவிட்டது என்று தெரிந்ததும் என் தங்கை, மகளுக்காகப் போனில் பேசிப் பதிந்துவைக்க வேண்டும் என்றாள். பிள்ளைக்கு அப்போது மூன்று வயது. பத்து வயதிலிருந்து ஒவ்வொரு பிறந்தநாளுக்கும் ஒரு பதிவாகக் கேட்கட்டும் என்பது அவள் எண்ணம். எந்த மொழியில் என்பதில்தான் சிக்கல் வந்தது.

நாங்கள் தாராவியில் வளர்ந்தவர்கள். வீட்டில் திருநெல்வேலிப் பேச்சு. தங்கை கணவர் மராத்திக்காரர், முலுண்டில் வீடு. இருவரும் தங்களுக்குள் இந்திதான் பேசுவார்கள். இந்தியிலேயே பேசிவிடேன், பிள்ளைக்குப் புரியும் என்றார் அவர்.

"இந்தியில சண்ட போட வரும்க்கா, பிள்ளையக் கொஞ்ச வராது" என்று என்னிடம் சொல்லி அழுதாள்.

கடைசியில் மூவரும் உட்கார்ந்து பேசி முடிவு செய்தோம். அவர் சிரித்துக்கொண்டே அதைக் 'கரார்' என்றார். மராத்தியில் ஒப்பந்தத்துக்கு அதுதான் சொல். அவள் தமிழில் பேசுவாள். அவர் மகளை மாட்டுங்காவில் நடக்கும் தமிழ் வகுப்பில் சேர்ப்பார். அங்கே புத்தகத் தமிழ்தான் சொல்லித்தருவார்கள் என்பதால் தங்கையும் வீட்டுப் பேச்சை விட்டுவிட்டுப் புத்தகத் தமிழிலேயே பேச வேண்டும். நான் ஞாயிறுதோறும் போய்ப் பிள்ளையோடு தமிழ் பேச வேண்டும்.

நியாயமாகத்தான் பட்டது. தங்கை தலையணையில் சாய்ந்து, மூச்சு வாங்க வாங்கப் பேசினாள். "அன்பு மகளே, நீ நலமாக இருக்கிறாயா?" ஒரு சொல் பிசகினாலும் அழித்துவிட்டு முதலிலிருந்து தொடங்குவாள்.

அவள் போன பிறகு, சொன்னபடியே அவர் பிள்ளையை வகுப்பில் சேர்த்தார். படிக்க வருகிறவர்கள் குறைந்து வகுப்பே நின்றுபோயிற்று. வேறு இடம் தேடினார், கிடைக்கவில்லை. நான் மட்டும் செம்பூரிலிருந்து குர்லாவில் ரயில் மாறிப் போய்க்கொண்டிருந்தேன். எனக்கு வந்த தமிழைத்தான் பேசினேன்.

போன மாதம் பிள்ளைக்குப் பத்து வயது. கேக் வெட்டியதும் அவர் முதல் பதிவைப் போட்டார். பாதியில் பிள்ளை என்னைத் திரும்பிப் பார்த்தாள்.

"பெரியம்மா, இது மம்மியா? நியூஸ்ல பேசுத மாதிரி பேசுதாங்க. எனக்கு ஒண்ணுமே சமஜ் ஆகல."

"மம்மி ஒன்னய நல்லா இருக்கியான்னு கேக்கா" என்று தொடங்கினேன். அதற்குள் பதிவில் தங்கை அடுத்த வாக்கியத்துக்குப் போய்விட்டாள். நிறுத்தி நிறுத்திப் போடச் சொன்னேன். எப்படிச் சொன்னாலும் அது நான் பேசுவதாகத்தான் இருந்தது. அவர் கையில் போனை வைத்துக்கொண்டு எங்களை மாறி மாறிப் பார்த்தார்.

பதிவு முடிகிற இடத்தில் தங்கையின் குரல் சட்டென்று உயர்ந்தது. "எக்கா, பால் பொங்குது பாரு! என்னத்தப் பாத்துக்கிட்டு நிக்க?"

அதை அழித்துவிட்டு மறுபடி பேச அன்று அவளுக்குத் தெம்பு இருந்திருக்காது.

பிள்ளை விழுந்து விழுந்து சிரித்தாள். "இது புரியுது!" என்று போனைப் பிடுங்கி அதையே திரும்பப் போட்டாள். மறுபடியும் போட்டாள். அவர் எழுந்து பால்கனிக்குப் போய்விட்டார். மற்ற பதிவுகளை என்ன செய்வது என்று அவர் கேட்கவில்லை.