பதினொரு தரம் தாலி ஏறிய கழுத்து

துஷாந்தியில் எனக்குச் சந்தேகம் வந்ததற்கு அவள் ஆடுவதோ நடிப்பதோ காரணம் இல்லை. அப்படிச் சொல்கிறவர்கள் என்னைப் பற்றி வேண்டுமென்றே கதை கட்டுகிறார்கள். காரணம் ஒரு படம். பாரிஸில் இருக்கும் என் ஒன்றுவிட்ட தங்கை கஜலக்சுமி அதை வாட்ஸ்அப்பில் அனுப்பினாள். துஷாந்தி கூறைச்சேலையோடு மணவறையில் இருக்கிறாள், யாரோ ஒருவன் அவள் கழுத்தில் தாலி கட்டுகிறான். என் தம்பி சுஜிதன் அவளைத்தான் கட்டுவேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிற நேரத்தில் இந்தப் படம்!

விரலால் பெருப்பித்துப் பார்த்தேன். தாலிக்கொடி கவரிங் போலத் தெரியவில்லை. ஐயரைப் பார்த்ததும் தூக்கிவாரிப் போட்டது. கஜலக்சுமியின் மகளுக்குக் கலியாணம் செய்துவைத்த அதே ஐயர்.

அடுத்த ஞாயிறே அவளை சுவிஸில் பேர்ண் நகரத்துக்குப் பக்கத்தில் ஓஸ்டர்முண்டிகனில் இருக்கும் எங்கள் வீட்டுக்குச் சாப்பிடக் கூப்பிட்டேன். புட்டையும் சொதியையும் வைத்துவிட்டுப் போனை நீட்டினேன்.

"அது சீரியல் அக்கா. பிரெஞ்சு ரீவியிலை போனது."

"ஐயர் உண்மையான ஐயர்தானே?"

"ஓம். டைரக்டருக்கு எல்லாம் அசலா வேணும். சரியா வரேல்லை எண்டு பதினொரு தரம் கட்டினவை."

பதினொரு தரமாம்! சுஜிதன் பக்கத்தில் இருந்து சிரித்தான். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அன்றைக்கு அவள் தன் கதை முழுவதையும் சொன்னாள். கேட்காமலே இவ்வளவு சொல்கிறவள் எதையோ ஒளிக்கத்தான் சொல்கிறாள் என்று நினைத்தேன். பாரிஸுக்குப் பக்கத்தில் பிறந்தவள். தகப்பன் ரெஸ்டோரண்டில் கோப்பை கழுவினார். ஞாயிறுகளில் பரதநாட்டியம் படித்தவள், பதினெட்டு வயதில் பிரெஞ்சுக்காரரின் நடனப் பள்ளிக்கூடத்துக்குப் போய், நிலத்தில் உருண்டு எழும்புகிற ஆட்டம் பழகினாள். தகப்பன் இரண்டு வருஷம் முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. பிறகு மேடை நாடகம், ரீவி. தாதியாக வந்தாள், கடைக்காரியாக வந்தாள், துப்புரவுக்காரியாக வந்தாள். ஒருமுறை பிணமாக நடிக்க இரண்டு நாள் குளிரில் மூச்சுப் பிடித்துக் கிடந்தாளாம்.

"பிரெஞ்சுக்காரியாத்தான் பிறந்தனான் அக்கா. ஆனா ஒருக்காலும் பிரெஞ்சுக்காரியா நடிக்க விடேல்லை."

அதைச் சொல்லும்போது அவள் முகம் வாடியது. முழங்காலில் சவ்வு கிழிந்த பிறகு பேர்ணுக்கு வந்து, பிள்ளைகளுக்கு நடனம் பழக்கி, சின்னத் தியேட்டர் ஒன்றில் ஆடினாள். அந்தத் தியேட்டருக்கு மட்டன் ரோல்ஸ் கொண்டுபோன இடத்தில்தான் என் தம்பி அவளில் மயங்கி விழுந்தான். அவள் கதையைக் கேட்கப் பாவமாகத்தான் இருந்தது. ஆனால் கமராவுக்கு முன்னால் கேட்ட நேரமெல்லாம் அழுதவளுக்கு என் வீட்டில் முகம் வாடுவது பெரிய வேலையா? கஜலக்சுமியை ஐயரிடம் விசாரிக்கச் சொன்னேன். நடிப்புத்தான், மந்திரம்கூட முழுக்கச் சொல்லவில்லை என்றாராம். நடிக்கப் போன ஐயரை நம்பலாமா?

இன்னொன்றையும் சொல்லவேண்டும். சுஜிதனுக்கு முன்னமே ஒரு கலியாணம் நடந்தது. கலியாணமென்றால், பதிவுக் கலியாணம். பதினைந்து வருஷத்துக்கு முன் அவனுடைய அகதி வழக்கைத் தள்ளிவிட்டார்கள். திருப்பி அனுப்பினால் என்ன நடக்கும் என்ற பயத்தில், என்னோடு ஆஸ்பத்திரியில் துப்புரவு வேலை செய்த சுவிஸ்காரி ஒருத்தியைக் கெஞ்சிக் கையெழுத்து வைக்கப் பண்ணியது நான்தான். விசா கிடைத்தது, சில வருஷத்தில் விவாகரத்தும் முடிந்தது. இரண்டு பேரும் ஒரு நாள்கூடச் சேர்ந்து சாப்பிட்டதில்லை. இதில் சொல்ல என்ன இருக்கிறது?

"அவளிட்டைச் சொல்லட்டோ அக்கா?" என்று சுஜிதன் கேட்டான்.

"விசர்க் கதை கதையாதை. கடுதாசியெல்லாம் டொச்சிலை. அவளுக்கு டொச் தெரியாது. வாயைப் பொத்திக்கொண்டிரு," என்றேன். டொச் என்று நாங்கள் சொல்வது ஜெர்மன் பாஷையை.

அவனும் பொத்திக்கொண்டிருந்தான்.

கலியாணத்துக்கு எழுதிக் கொடுக்கப் பதிவு அலுவலகத்துக்குப் போன நாளில் நானும் கூடப் போனேன். அதிகாரியம்மா கடுதாசியை மேசையில் வைத்தாள். துஷாந்தி பேனையை எடுத்தாள். அவளுக்கு ஏற்கனவே கலியாணம் ஆனதா இல்லையா என்று பாரிஸில் இருந்து வந்த பத்திரம் என்ன சொல்கிறது என்று என் காதால் கேட்காமல் கையெழுத்து வைக்க விடுவேனா? எல்லாருக்கும் விளங்கச் சத்தமாக வாசியுங்கள் என்று என் ஆஸ்பத்திரி டொச்சில் கேட்டேன்.

நல்ல மனுசி. மணமகள் பிரான்ஸ்காரி என்பதைக் கவனித்து, பிரெஞ்சிலேயே வாசித்தாள். துஷாந்தியின் பெயர், பிறந்த இடம், பிறகு "செலிபத்தேர்". கலியாணமாகாதவள். அந்தச் சொல்லை நான் முதல் நாளே கஜலக்சுமியிடம் கேட்டு வைத்திருந்தேன். அப்பாடா என்று இருந்தது. ஆனால் அதிகாரியம்மா நிறுத்தவில்லை. சுஜிதனின் பெயர், பருத்தித்துறை, பிறகு "திவோர்ஸே".

துஷாந்தி பேனையை வைத்துவிட்டாள்.

"ஆரை விவாகரத்துச் செய்தனீங்கள்?" என்று சுஜிதனைக் கேட்டாள்.

முப்பத்தொன்பது வயது ஆம்பிளை, கேட்டவளை விட்டுவிட்டு என்னைப் பார்த்தான்.

"விசாவுக்குப் பிள்ளை," என்றேன். "சும்மா ஒரு நடிப்பு மாதிரி..." சொல்லும்போதே எனக்கு வாய் கூசியது.

"விசாவுக்கு எண்டு சொல்லியிருந்தா நான் கோவிச்சிருப்பனோ அக்கா? என்ரை அப்பாவும் கள்ளப் பாஸ்போட்டிலைதான் வந்தவர். நீங்கள் கேட்ட எல்லாத்துக்கும் நான் பதில் சொன்னனான். இவர் பக்கத்திலை இருந்து சிரிச்சவர்."

கைப்பையை எடுத்துக்கொண்டு வெளியே போனாள்.

"எழும்பிப் போடா பின்னாலை!" என்றேன்.

அவன் கதிரையை விட்டு அசையவில்லை. "வாசிக்கச் சொன்னது நீங்கள்தானே?" என்றான்.

நான்தான் படியிறங்கி ஓடினேன். டிராமில் ஏறப்போனவளின் கையைப் பிடித்தேன். மூச்சு வாங்கியது, அழுகையும் வந்தது. மன்னித்துவிடு பிள்ளை என்றேன்.

அவள் என் கண்ணைத் துடைத்துவிட்டாள். எனக்குப் பின்னால் படியைப் பார்த்தாள். "நீங்கள் ஓடி வந்திட்டியள் அக்கா. அவர் வரேல்லை," என்று சொல்லிவிட்டு டிராமில் ஏறினாள்.