எவரிஸ்த் எழுதிய ஒரே வசனம்

எவரிஸ்த் கொர்மயோனுக்கு வாய் சும்மா இருக்காது. லிமோழ் நகரத்து மருந்துக் கடைக்காரரின் மகன். போரில் பீரங்கிச் சத்தத்தை மீறிக் கத்திக் கத்தித் தொண்டையை வளர்த்துக்கொண்டு பாரீசுக்கு வந்தவர், கதை எழுதிப் படமும் எடுக்கத் தொடங்கினார். அப்போதெல்லாம் ஊமைப்படம். கேமரா ஓடும்போது இயக்குநர் ஊரே அதிரக் கத்தலாம், திரையில் ஒன்றும் கேட்காது. மற்ற இயக்குநர்கள் நடிகையை அழவைக்க வயலின்காரரைக் கூட்டிவந்தார்கள். எவரிஸ்த்துக்கு அந்தச் செலவே இல்லை. "லியோனி, உன் பூனை செத்துப்போச்சு!" என்று ஒரு கத்து. அவருடைய நாயகி லியோனி துபார் பொலபொலவென்று அழுதுவிடுவாள். பத்து வருடத்தில் அந்தப் பூனை நாற்பது முறை செத்தது. பொய் என்று அவளுக்கும் தெரியும், ஆனாலும் அந்தக் குரல் கேட்டால் கண்ணீர் வந்துவிடும். பூனை வீட்டில் கொழுகொழுவென்று தூங்கிக்கொண்டிருந்தது.

பிறகு படங்கள் பேச ஆரம்பித்தன. வந்தது வினை.

தயாரிப்பாளர் பூர்தெலான் அவருக்கு ஒரு பேசும்படம் கொடுத்தார். ஆனால் எவரிஸ்த் மூன்று மாதம் உட்கார்ந்து எழுதிய வசனத்தைப் பூர்தெலான் ஒரே மூச்சில் குப்பையில் போட்டுவிட்டு, நாடக ஆசிரியர் ஒருவரைப் பிடித்துவந்து புதிதாக எழுதவைத்தார். அந்த மகானுக்கு ஒரு நன்றி சொல்லவே மூன்று பக்கம் வேண்டும். எவரிஸ்த்துக்கு வயிறு எரிந்தது. இந்தப் படமும் கைவிட்டுப் போனால் பிறகு யாரும் கூப்பிட மாட்டார்கள் என்பதால் பொறுத்துக்கொண்டார். பூர்தெலான் முதல் நாளே கறாராகச் சொல்லியிருந்தார்:

"ஷூட்டிங்ல உங்க குரல் ஒரு தடவை பதிவாச்சுன்னா, கொர்மயோன், அன்னிக்கே மூட்டையைக் கட்டிக்கோங்க."

மைக்கைப் பூச்சாடிக்குள் ஒளித்துவைத்தார்கள். ஒலிப்பதிவுக்காரர் கண்ணாடிக் கூண்டில் உட்கார்ந்து, நாற்காலி முனகினாலும் விரலை ஆட்டினார். எவரிஸ்த் மஃப்ளரை வாயில் திணித்துக்கொண்டு நின்றார்.

லியோனியின் அழுகைக் காட்சி வந்தது. மணப்பதாக இருந்தவன் போய்விடுகிறான், அவள் கதவைப் பார்த்து அழவேண்டும். பதினோரு முறை எடுத்தும் ஒரு சொட்டு வரவில்லை. வெங்காயம் தேய்த்துப் பார்த்தார்கள், தும்மல்தான் வந்தது. அவள் எவரிஸ்த்திடம் வந்து கெஞ்சினாள்.

"ஒரே ஒரு தடவை திட்டுங்க முசியே. எனக்கு வந்துடும்."

எவரிஸ்த் கையை விரித்தார். நாடக ஆசிரியரோ, தன் நாடகத்தில் நடிக்கும் பெண் வாசலிலேயே காத்திருக்கிறாள், கேட்டவுடன் அழுவாள் என்று எடுத்துக்கொடுத்தார். சரி, லியோனிக்குக் கடைசியாக ஒரு வாய்ப்பு என்றார் பூர்தெலான்.

பன்னிரண்டாவது முறை. லியோனி கதவையே பார்த்தாள். கண் காய்ந்து கிடந்தது. மஃப்ளர் கீழே விழுந்தது.

"உன் பூனை செத்துப்போச்சு!"

லியோனி குலுங்கிக் குலுங்கி அழுதாள். அவளைக் காப்பாற்றத் தன் பிழைப்பையே தியாகம் செய்தார் என்று எழுத எனக்கும் ஆசைதான். வாய் அடங்கவில்லை, அவ்வளவுதான்.

அன்றே எவரிஸ்த்தை அனுப்பிவிட்டார்கள். மீதிப் படத்தை நாடக ஆசிரியரே முடித்து, இயக்கம் என்று தன் பெயரையே போட்டுக்கொண்டார். அப்படியோர் அழுகை வேறு கிடைக்காததால் அந்தக் காட்சியை மட்டும் அப்படியே வைத்தார்கள். பக்கத்து வீட்டுக்காரன் எவனோ கத்துகிறான் என்று ஒப்பேற்றிக்கொண்டார்கள். அதுவரை கொட்டாவி விட்ட ஜனம் அந்த இடத்தில் விழுந்து விழுந்து சிரித்தது. இரண்டாம் வாரம் கொட்டகையே சேர்ந்து கத்தியது. பூர்தெலான் சுவரொட்டியில் பூனையைப் பெரிதாகப் போட்டார்.

எவரிஸ்த்தும் பெல்வில் பக்கத்துக் கொட்டகை ஒன்றுக்கு டிக்கெட் வாங்கிப் போனார். தன் குரல் வந்ததும், சனங்கள் கத்தியதும் அவருக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. பக்கத்தில் ஆரஞ்சு உரித்துக்கொண்டிருந்த பெண்மணியிடம் குனிந்தார்.

"மதாம், இந்தப் படத்துல அது ஒண்ணுதான் நான் எழுதின வசனம்."

"வாயை மூடுங்க முசியே," என்றாள் அவள், திரையிலிருந்து கண்ணை எடுக்காமல். "ஒண்ணும் கேக்கல."

எவரிஸ்த் மஃப்ளரை எடுத்து வாயில் வைத்துக்கொண்டார்.