"இரு பாப்பா"

கடலூரில் டாக்டரைப் பார்த்துவிட்டு, சிதம்பரம் பஸ்ஸுக்காக மகளோடு நின்றிருந்தேன். அவளுக்குப் பதின்மூன்று வயது. உயரம் மட்டும் நாலு வயதுக் குழந்தை அளவுதான். பார்ப்பவர்களெல்லாம் "பாப்பா" என்று கன்னத்தைக் கிள்ளுவார்கள். உலகிலேயே குள்ளமான பெண் என்று போனில் ஒரு வீடியோவைக் காட்டி, "நம்ம பொண்ணையும் சாதனைக்கு எழுதிப் போடலாமே மச்சான்" என்று என் கணவரிடம் சொன்ன உறவினரோடு அன்று காலையில்தான் சண்டை போட்டிருந்தேன். அந்தக் கொதிப்பு இன்னும் அடங்கவில்லை.

பஸ் வந்ததும் கூட்டம் முட்டி மோதியது. எனக்கு முன்னால் சுடிதார் போட்ட சின்ன உருவம் ஒன்று கம்பியை எட்டிப் பிடித்துக்கொண்டிருந்தது. "இரு பாப்பா" என்று இடுப்பில் கை கொடுத்துத் தூக்கி உள்ளே விட்டேன்.

அவர் திரும்பினார். காதோரம் நரைத்திருந்தது.

"அண்ணாமலை நகர்ல வேலை பாக்குறேங்க. தெனம் நானாத்தான் ஏறுறேன். தூக்கறதுக்கு முன்னாடி ஒரு வார்த்த கேக்கக் கூடாதா?"

பின்னால் ஏறிய மகள் மெதுவாகக் கேட்டாள்: "நீயுமாம்மா?"

சிதம்பரம் வரை அவள் ஜன்னலையே பார்த்துக்கொண்டு வந்தாள்.

அடுத்த முறை பஸ் ஏறும்போது, என் கைகள் பழக்கத்தில் அவள் இடுப்புக்குப் போயின. பாதியில் நிறுத்தினேன்.

"தூக்கட்டுமா?"

"வேணாம்."

"புள்ளயத் தூக்கி உடும்மா, நேரமாவுது" என்றார் பின்னாலிருந்தவர். அவள் முட்டியை ஊன்றி ஒவ்வொரு படியாக ஏறினாள். நான் கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டேன். அவை சும்மா இருக்க இன்னும் பழகவில்லை.