ஆறரை ரூபாய் டீ

அண்ணன் மகள் லீவுக்கு வந்திருக்கிறாள். பத்தாம் வகுப்பு. நேற்று கணக்கு நோட்டோடு பக்கத்தில் வந்து உட்கார்ந்து, “சித்தப்பா, பேனாவும் பென்சிலும் வாங்குறவன் கடைக்காரன்கிட்ட தனித்தனி விலையைக் கேக்க மாட்டானா?” என்றாள். நியாயமான கேள்வி. நான் தொண்டையைச் செருமிக்கொண்டு ஆரம்பிப்பதற்குள், போனில் கணக்கைப் படம் பிடித்து விடையை எடுத்துவிட்டாள். ரயிலில் இட்லிக்குக் கொண்டுவந்த சாம்பார் பையில் கொட்டி, நோட்டு முழுக்க அந்த வாசனை. சாம்பார் வாசனை வந்தால் உங்களுக்குப் பசிக்கும். எனக்குப் பரீட்சை ஞாபகம் வரும்.

ஒரகடத்தில் கார் சீட் செய்யும் கம்பெனி ஒன்றில் அப்போது காண்ட்ராக்ட்டில் இருந்தேன். கோவில்பட்டியிலிருந்து டிப்ளமோவோடு வந்தவன். கணக்குப் பேப்பரை மூன்று முறை எழுதி முடித்த டிப்ளமோ அது. இதை யாரிடமும் சொல்லாததால், படப்பையில் நான் தங்கியிருந்த அறை டியூஷன் சென்டராகிவிட்டது. மாணவன் ஒருவன்தான். எழிலரசன். பக்கத்துக் கிராமத்துக்காரன், என் வயது, லைனில் எனக்கு முந்தின ஆள். அவன் சீட் பிரேமில் போல்ட் முறுக்குவான், நான் அதைச் சரிபார்ப்பேன்.

பெர்மனென்ட் ஆக்குவதற்கு எழுத்துத் தேர்வு என்று கம்பெனியில் நோட்டீஸ் ஒட்டியிருந்தார்கள். தேறாதவர்கள் காண்ட்ராக்ட் முடிந்ததும் வீட்டுக்குப் போகலாம். எழிலரசனுக்குக் குன்றத்தூரில் பெண் பேசியிருந்தார்கள். பெயர் சுகந்தி. பெண்ணின் மாமா ஜாதகம் கேட்கவில்லை. பெர்மனென்ட் ஐ.டி. கார்டைக் கொண்டுவரச் சொன்னார். அவர் பார்த்த பொருத்தம் அது ஒன்றுதான்.

ஞாயிற்றுக்கிழமைகளில் எழிலரசன் தூக்குவாளியில் கருவாட்டுக் குழம்போடு வருவான். அதுதான் பீஸ். இரண்டு பொருள், இரண்டு மொத்த விலை, தனி விலை என்ன என்கிற கணக்குதான் அவனை ஆட்டிவைத்தது. எக்ஸ், ஒய் என்று எழுதினாலே முகம் கோணும்.

“எக்ஸு இன்னாத்துக்குடா? டீ, வடைன்னே எய்து. எனக்கு டீ தெரியும்.”

“சரில, டீன்னே வச்சிக்கோ. ரெண்டு பக்கமும் டீயைச் சமமாக்கு. ஒண்ணுலேர்ந்து ஒண்ணைக் கழி. டீ போயிரும், வடை மட்டும் நிக்கும்.”

குழம்பு தீர்வதற்குள் பிடித்துக்கொண்டான். உண்மையைச் சொன்னால், எனக்கே அப்போதுதான் புரிந்தது.

இந்த இடத்தில் எங்கள் லைனைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். தலைக்கு மேலே ஒரு கயிறு ஓடும். ஏதாவது வழக்கத்துக்கு மாறாக இருந்தால், லைன் பாஷையில் ‘அப்நார்மல்’, நாமாகக் கைவைக்கக் கூடாது. கயிற்றை இழுக்க வேண்டும். ஐஸ்கிரீம் வண்டிபோல ஒரு பாட்டு பாடும், சிவப்பு விளக்கு எரியும், சூப்பர்வைசர் விழுந்தடித்து ஓடிவருவார். ‘நிறுத்து, கூப்பிடு, காத்திரு’ என்று சுவர் முழுக்க எழுதிப் போட்டிருந்தார்கள். ஒருமுறை மரை சரியில்லாத போல்ட்டைக் கண்டுபிடித்துக் கயிற்றை இழுத்ததற்காக எழிலரசனின் போட்டோவை நோட்டீஸ் போர்டில் ஒட்டி, ஒரு டிபன் பாக்ஸும் கொடுத்தார்கள். அன்றிலிருந்து அவனுக்குக் குலசாமிக்கு அடுத்தது அந்தக் கயிறுதான்.

தேர்வு கேன்டீனில் நடந்தது. மேஜையெல்லாம் சாம்பாரும் பினாயிலும் கலந்த வாசனை. கணக்குகளில் முதலாவதே நம்ம கணக்கு. இரண்டு டீ, நான்கு வடை முப்பத்தொரு ரூபாய். மூன்று டீ, ஒரு வடை இருபத்துநான்கு ரூபாய். முன்வரிசையில் எழிலரசனின் பேனா வேகமாக ஓடுவது தெரிந்தது. திடீரென்று நின்றது. பேனாவை மூடி வைத்துவிட்டுக் கையைத் தூக்கினான்.

மேற்பார்வைக்கு வந்த எச்.ஆர். அதிகாரி லைன் பக்கமே வராதவர். “பாத்ரூமா? எழுதி முடிச்சிட்டுப் போங்க” என்றார்.

“இல்ல சார், அப்நார்மல்.”

“பேசாம எழுதுங்க.”

எழிலரசன் எழுதவில்லை. தூக்கிய கையை இறக்கவும் இல்லை. வலித்தபோது கை மாற்றிக்கொண்டான். பின்னாலிருந்து நான் இருமினேன், காலால் தரையைத் தட்டினேன். மணியடித்துப் பேப்பரைப் பிடுங்கும்வரை கை மேலேதான் இருந்தது.

வெளியே வந்ததும் பிடித்துக்கொண்டேன். “என்னல ஆச்சு உனக்கு?”

“டீ ஆறரை ரூபா வருதுடா. வடை நாலரை. அம்பது காசை எந்தக் கடையில வாங்குறான்? கொஸ்டீன்ல ஏதோ டிபெக்ட் கீது.”

“அதாம்ல விடை. சரியாத்தான் போட்டிருக்க.”

என்னையே பார்த்தான். “நிறுத்தினேன், கூப்ட்டேன், உக்காந்துகினே இருந்தேன். ஒருத்தனும் வரலியேடா.”

எனக்குச் சிரிப்பு வந்தது, அடக்கிக்கொண்டேன். தேறியவர்கள் பட்டியலில் என் பெயர் இருந்தது. அவன் பெயர் இல்லை. சூப்பர்வைசர் மேலே போய்ப் பேசிப் பார்த்தார். தேர்வு தேர்வுதான் என்று சொல்லி அனுப்பிவிட்டார்கள். குன்றத்தூர் மாமா அந்த ஆவணியிலேயே சுகந்திக்கு வேறு இடத்தில் முடித்தார். மாப்பிள்ளை பெர்மனென்ட்.

எழிலரசனின் கடைசி ஷிப்ட் முடியப் போகும் நேரம். பிரேம் ஒழுங்காக இருந்தது, போல்ட் ஒழுங்காக இருந்தது. அவன் கையை உயர்த்திக் கயிற்றை இழுத்தான். பாட்டு பாடியது. லைன் நின்றது. சூப்பர்வைசர் தடுக்கி விழாத குறையாக ஓடிவந்தார்.

“இன்னாச்சு எழில்? இன்னா பிராப்ளம்?”

“ஒண்ணும் இல்ல சார். வர்றீங்களான்னு பாத்தேன்.”

அவர் திட்டவில்லை. அவன் தோளில் கைவைத்தபடி நின்றார். வேர்வையைத் துடைப்பதுபோல நான் முகத்தைத் துடைத்துக்கொண்டேன்.

பிறகு அங்கே ரோபோ வந்தது. போல்ட்டை அதுவே முறுக்கி, தவறு வந்தால் அதுவே நின்றுகொள்கிறது. கயிற்றைக் கழற்றிவிட்டார்கள், பாட்டும் போய்விட்டது. எழிலரசனின் பழைய நம்பரில் வேறு யாரோ இந்தியில் பேசுகிறார். ஒருவன் கையைத் தூக்கினால் இன்னொருவன் ஓடிவந்த இடம் ஒரகடத்தில் ஒன்று இருந்தது. நான் இன்றும் அதே கம்பெனியில்தான் இருக்கிறேன். இப்போது எல்லாவற்றுக்கும் மெயில் போடச் சொல்கிறார்கள்.